பேர் போடாத முகங்கள்

பழைய படம் கைக்கு வந்தால் முதல் வேலை, சத்தத்தை நிறுத்துவது. பிரிக்பீல்ட்ஸில் எனக்கு எடிட்டிங் சொல்லிக்கொடுத்த அண்ணன் வைத்த சட்டம் அது. "வர்ணனையக் கேட்டா அவங்க காட்ட நெனச்சதுதான் தெரியும். ஊமையாப் பாரும்மா, ஆளுங்க தெரிவாங்க."

'அவங்க' யாரென்று போகப் போகப் புரிந்தது. ஆவணப்படங்களுக்காக எங்களுக்குக் கிடைக்கும் ஐம்பதுகளின் மலாயா ரப்பர் தோட்டக் காட்சிகளில் பெரும்பகுதி, பிரிட்டிஷ் ஆட்சி 1946இல் தொடங்கிய மலாயன் ஃபிலிம் யூனிட் எடுத்தது. கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலத்தில் அரசின் பிரசாரத்துக்கும் அந்தப் படங்கள்தான். தமிழிலும் வர்ணனை சேர்த்து, புரொஜெக்டரை வேனில் ஏற்றிவந்து, தோட்டத்துத் திடலில் திரை கட்டிக் காட்டினார்கள். அரசியல் தலைவர் துங்கு வந்தால் பெயர் சொல்லுவார்கள். அமைச்சர் சம்பந்தன் வந்தாலும் சொல்லுவார்கள். பால்மரம் சீவுகிறவர் வெறும் தொழிலாளி.

அப்படி ஒரு காட்சியைக் கிள்ளானில், இளவயதில் மரம் சீவிய ஒரு பாட்டியிடம் போட்டுக் காட்டினோம். பார்த்ததும் சிரித்துவிட்டார்.

"இவ்வளவு வெயில்ல யாருய்யா சீவுவா? விடியறதுக்கு முன்னாடியே தலையில வெளக்கக் கட்டிக்கிட்டுப் போயிருவோம். வெயில் ஏறினா பால் ஏது? கேமராவுக்குன்னு நிக்க வெச்சிருக்காங்க."

இருட்டில் படமெடுக்க அன்றைய ஃபிலிம் தாங்காது. வெளிச்சத்துக்காக வேலை நேரத்தையே மாற்றியிருக்கிறார்கள். நான் படித்த எந்தப் பாடப்புத்தகத்திலும் இது இல்லை. அதற்குப் பிறகு, தரையில் விழும் நிழலைப் பார்க்காமல் எந்தத் தோட்டக் காட்சியையும் நான் டைம்லைனில் வைப்பதில்லை.

கஷ்டமான இடம் சியாம் மரண ரயில். 1942-43இல், சுமார் 415 கிலோமீட்டர் பாதை போட, மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்களை ஜப்பானியர்கள் கொண்டுபோனார்கள். அவர்கள் தெரியும் படம் மிகமிகக் குறைவு. சுலபமாகக் கைக்கு வருவது 1957இல் வந்த 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்'. அது இலங்கைக் கித்துள்கலையில் எடுத்த கதைப்படம். கறுப்பு வெள்ளையாக்கி நாலு கீறல் போட்டால் யாருக்குத் தெரியப்போகிறது என்று கேட்பவர்கள் உண்டு. அண்ணன் பதில் சொல்லமாட்டார், கணினியை மூடிவிடுவார். அந்த இடத்தில் திரையைக் கறுப்பாகவே விட்டு, பிழைத்து வந்தவரின் குரலை மட்டும் ஓடவிடுவது அவர் வழக்கம். பார்க்கிறவர்கள் நெளிவார்கள். நெளியட்டும்.

மற்றவை சில்லறைப் பாடங்கள். நாலுக்கு மூன்று படத்தை அகலத் திரைக்கு இழுக்காதே, ஒல்லித் தொழிலாளிக்குத் தொப்பை போட்டுவிடும்.

பேர் போடாத முகங்கள் நம் வீட்டு அலமாரியிலும் இருக்கின்றன. எண்பதுகளில் எடுத்த கல்யாணம், கோவில் திருவிழா விஎச்எஸ் கேசட்டுகள் நம் ஊர் ஈரக்காற்றில் பூஞ்சை பிடித்துக்கொண்டிருக்கும். சீக்கிரம் டிஜிட்டலுக்கு மாற்றுங்கள். மாற்றியதும் வீட்டுப் பெரியவர்களைப் பக்கத்தில் உட்கார வைத்து, எந்த நிமிடத்தில் யார் வருகிறார், எந்தத் தோட்டத்துக்காரர் என்று ஒரு நோட்டில் எழுதிவையுங்கள்.