மப்பும் மந்தாரமும்

‘என்செபலோபதி’ என்ற சொல்லை உடைத்துப் பார்த்தால் மூன்று துண்டுகள் கிடைக்கின்றன. ‘என்’ என்றால் உள்ளே. ‘கெஃபலே’ என்றால் தலை. ‘பாதோஸ்’ என்றால் பட்ட துன்பம். முதல் இரண்டும் சேர்ந்தால் தலைக்குள் இருப்பது. கிரேக்கர்கள் மூளைக்கு வைத்த பெயரே அதுதான். மூன்றும் சேர்ந்தால், தலைக்குள் இருப்பது படும் துன்பம். துன்பியல் நாடகத்தின் கதைப்பின்னலில் திருப்பம், அறிதல் இரண்டையும் அடுத்து மூன்றாவதாக அரிஸ்டாட்டில் வைத்ததும் இதே பாதோஸைத்தான். விமர்சகனும் வைத்தியனும் ஒரே பானையிலிருந்து மொண்ட சொல் இது. விமர்சகன் அதைக் கௌரவமாக வைத்துக்கொண்டிருக்கிறான். வைத்தியன் அதை ஒரு சீட்டில் கிறுக்கித் தெருவுக்கு அனுப்பிவிடுகிறான். தெருவில் அதற்கு என்ன நேர்கிறது என்பதுதான் இங்கே விஷயம்.

அது வந்து சேர்ந்த தெரு பிள்ளையார்பாளையத்தில் இருக்கிறது. என் சித்தப்பா அங்கே நாற்பது வருஷத்துக்கு மேல் பட்டுத் தறியில் உட்கார்ந்தவர். கோர்வைப் புடவை நெய்கிறவர். உடலையும் கரையையும் வேறு வேறு நாடாவால் ஓட்டி இரண்டையும் இழைக்கு இழை கோத்துப் பிடிக்கிற வேலை. அதனால் கரைப் பக்கத்தில் இன்னொரு ஆள் வேண்டும். அந்த ஆள் சித்தி. ஒரு ஐப்பசியில் சித்தப்பாவுக்குப் பகலும் இரவும் இடம் மாறிக்கொண்டன. பகலெல்லாம் தறிக்குழியில் தூங்கி விழுந்தார். இரவு இரண்டு மணிக்கு எழுந்து, எப்போதோ நெய்து முடித்துக் கொடுத்துவிட்ட புடவையின் முந்தியைத் தேடினார். ஆஸ்பத்திரியில் டாக்டர் அவரிடம் இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, மணிக்கட்டை மேல்நோக்கி மடக்கி வைத்திருக்கச் சொன்னார். கைகள் நிற்கவில்லை. பறவை சிறகடிப்பதைப்போலத் தாழ்ந்து தாழ்ந்து எழுந்தன. ஒரு தாளில் சிதறிக் கிடந்த எண்களை ஒன்றிலிருந்து இருபத்தைந்து வரை கோடிழுத்துச் சேர்க்கச் சொன்னார். ஆயிரக்கணக்கான பாவு இழைகளில் எது அறுந்தது என்று விரலாலேயே கண்டுபிடிக்கிற மனிதர், ஒன்பதுக்குப் பிறகு எங்கே போவது என்று தெரியாமல் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சீட்டில் ‘ஹெபாடிக் என்செபலோபதி’ என்று எழுதியிருந்தது. நோய் ஈரலில். எப்போதோ உள்ளே புகுந்த ஹெபடைடிஸ்-பி வைரஸ் சத்தமில்லாமல் ஈரலைக் கல்லாக்கியிருந்தது. குடலில் உண்டாகும் அம்மோனியா முதலிய நச்சுகளைக் கழுவி அனுப்ப வேண்டிய ஈரல் அதைச் செய்யவில்லை. அவை ரத்தத்தில் கலந்து மூளைக்குப் போயின. கைகளின் அந்தச் சிறகடிப்பை 1949இல் அமெரிக்காவில் ஆடம்ஸ், ஃபோலி என்ற இருவர் விவரித்தார்கள். சில வருஷங்கள் கழித்து அதற்கும் ஒரு கிரேக்கப் பெயர் வந்தது: ஆஸ்டெரிக்ஸிஸ், நிலைகொள்ளாமை. மலம் கட்டாமல் பார்த்துக்கொள்ள ஒரு இனிப்பு மருந்து, கிருமித்தொற்றுக்கு வைத்தியம் என்று செய்ததில் ஐந்தாம் நாள் சித்தப்பா தெளிந்துவிட்டார். எண்களையும் சேர்த்தார். மூளை வெந்துபோகவில்லை, அழுகவில்லை. அதற்குத் துன்பம் நேர்ந்தது, விலகியது. சொல் சொன்னதும் அவ்வளவுதான்.

ஆனால் சித்தி “இன்னாப்பா எழுதிக்கிறாங்க?” என்று கேட்டபோது அவளிடம் கொடுக்கத் தமிழில் ஒரு சொல் தயாராக இல்லை. நான் சொன்ன நீண்ட விளக்கம் வாசற்படி தாண்டுவதற்குள் சுருங்கிவிட்டது. அன்று சாயங்காலம் தெருவில் அது மூளைக்காய்ச்சல். இரண்டு நாளில் மூளைக்கோளாறு. வாரக் கடைசியில், குரலைத் தாழ்த்திக்கொண்டு சொல்கிற அந்த இன்னொரு வார்த்தை.

மூளைக்காய்ச்சல் என்ற சொல்லை எங்கள் பக்கத்து ஜனங்கள் புத்தகத்திலிருந்து கற்கவில்லை. ஜப்பானிய மூளைக்காய்ச்சல் இந்தியாவில் முதன்முதலாக அடையாளம் காணப்பட்டது 1955இல், இங்கிருந்து இரண்டு மணி நேரத்தில் போய்விடக்கூடிய வேலூரில். வயலில் தேங்கும் நீரில் பெருகும் கொசு, பன்றி, கொக்கு, குழந்தை என்று போகும் அந்தச் சங்கிலி ஏரிப்பாசன நாட்டுக்கு அந்நியமானதல்ல. ஆகவே காய்ச்சலும் வலிப்பும் நினைவு தப்புதலும் ஒன்றாக வந்தால் ஜனங்களின் வாயில் அந்தச் சொல் வருகிறது. அதற்கு முந்திய தலைமுறை சன்னி என்றது. சன்னிபாதம் என்றால் கூடி விழுதல். வாதம், பித்தம், கபம் மூன்றும் சேர்ந்து கெடுதல். சித்த வைத்தியம் அதில் பதின்மூன்று வகை சொல்லும். கலைச்சொல் செய்கிறவர்கள் மூளையழற்சி என்கிறார்கள். அழல் என்றால் நெருப்பு. ‘இன்ஃப்ளமேஷ’னுக்குள் இருப்பதும் நெருப்புதான். பொருத்தமான சொல். ஆனால் அது ‘என்செபலைட்டி’ஸுக்கு உரியது. அங்கே நெருப்பு இருக்கிறது. என் சித்தப்பாவின் தலைக்குள் நெருப்பு எதுவும் எரியவில்லை.

ஒரு விகுதியின் வித்தியாசம்தானே, இதற்கு ஒரு கட்டுரையா என்று கேட்கலாம். பீகாரில் முஸஃபர்பூர் என்ற ஊரில் 1995 முதல் லிச்சி பழுக்கும் பருவத்தில் ஏழைக் குழந்தைகள் விடியற்காலையில் வலிப்பு கண்டு செத்துக்கொண்டிருந்தார்கள். அதை மூளையழற்சி என்ற பெயரில் பதிவு செய்து, வருஷக்கணக்காக ஒரு வைரஸைத் தேடினார்கள். வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் வைரஸ் ஆய்வில் இருந்து ஓய்வு பெற்ற டி. ஜேக்கப் ஜான், இது அழற்சியே அல்ல, என்செபலோபதி என்று வாதாடினார். 2014இல் நடந்து 2017இல் ‘லான்செட் குளோபல் ஹெல்த்’ பத்திரிகையில் வெளியான ஆய்வு அந்தத் திசையிலேயே போயிற்று. 390 குழந்தைகள் சேர்க்கப்பட்டதில் 122 பேர் இறந்திருந்தார்கள். பகலெல்லாம் லிச்சி தின்றுவிட்டு ராத்திரி சாப்பிடாமல் படுத்த குழந்தைகள். பழத்திலிருந்த நச்சு, வெறும் வயிற்றில், ரத்தத்தின் சர்க்கரையைக் கீழே தள்ளிவிட்டது. இதற்கு மருந்து உடனே ஏற்றவேண்டிய குளுக்கோஸ். தடுப்பு, ராத்திரிச் சாப்பாடு. பெயர் அழற்சியாக இருந்தவரை கொசுவையும் வைரஸையும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பெயர் மாறியபோதுதான் காலித் தட்டு கண்ணில் பட்டது. 2019இலும் அங்கே நூற்றுக்கு மேற்பட்ட குழந்தைகள் செத்தார்கள் என்பது, சரியான சொல் மட்டும் எதையும் காப்பாற்றாது என்பதற்கு அத்தாட்சி. தவறான சொல் கொல்லும் என்பதற்கும் இதே ஊர்தான் அத்தாட்சி.

தமிழில் அழற்சிக்குச் சொல் இருப்பதுபோலப் ‘பதி’க்கு இல்லையா? இருக்கிறது; இருந்ததை நாம்தான் பாதியாக நறுக்கிவிட்டோம் என்று தோன்றுகிறது. நோவதெல்லாம் நோய். சங்கக் கவிதையில் பிரிவில் இருப்பவள் படுவது நோய். அவள் பேசுவதும் தன் நெஞ்சோடுதான். பாதோஸ் என்ற சொல்லுக்கு இருந்த அகலம் முழுவதும் நோய்க்கும் இருந்தது. பிறகு கவிதை ‘துயரம்’, ‘வேதனை’, ‘வலி’ என்று வேறு சொற்களை எடுத்துக்கொண்டது. நோய் ஆஸ்பத்திரியோடு நின்றுவிட்டது. மூளைநோய் என்று சொன்னால் மூளை படும் நோவு என்று இன்று யாருக்கும் கேட்பதில்லை. மூளையில் ஏதோ அழுக்கு என்றுதான் கேட்கிறது.

மூளை என்ற சொல்லும் உதவிக்கு வருவதில்லை. அது முன்பு ஒரு ஸ்தூலமான பொருள். எலும்புக்குள் இருப்பதற்கும் அதே பெயர்தான். புத்தியும் நினைவும் நெஞ்சில், உள்ளத்தில் இருந்தன. அவற்றை நாம் மண்டைக்கு மாற்றிய பிறகு மூளை ஒரு தகுதி ஆகிவிட்டது. “மூளை இருக்கா உனக்கு?” என்கிறோம். ஈரல் இருக்கிறதா, சிறுநீரகம் இருக்கிறதா என்று யாரும் யாரையும் திட்டுவதில்லை. ஆகவே மற்ற உறுப்புகளுக்கு நோய் வந்தால் அது மனிதனுக்கு வந்த நோய். மூளைக்கு வந்தால் அந்த மனிதனே நோய்.

எங்கள் ஊரில் இதற்கு மாறான ஒரு பழக்கமும் இருக்கிறது. கச்சபேஸ்வரர் கோயிலில் கார்த்திகை ஞாயிற்றுக்கிழமைகளில், முக்கியமாகக் கடைஞாயிறன்று, மண்டைவிளக்கு எடுப்பார்கள். புது மண்சட்டியில் அரிசிமாவு விளக்கு வைத்து ஏற்றி, தலையில் சுமந்து கோயிலைச் சுற்றி வருவார்கள். தலை சம்பந்தப்பட்ட எல்லா நோய்க்கும் அது பரிகாரம். ஒற்றைத் தலைவலிக்காரர், காது கேளாதவர், இழுப்பு வருகிற பிள்ளையைக் கையில் பிடித்த தாய் எல்லோரும் ஒரே வரிசையில் போகிறார்கள். யாருக்கு என்ன என்று யாரும் கேட்பதில்லை. எனக்கு அந்தப் பரிகாரத்தில் நம்பிக்கை இல்லை. ஆனால் ‘மண்டை’ என்ற சொல் அங்கே யாரையும் தரம் பிரிப்பதில்லை. அன்று ஒருநாள் தலை வெறும் தலையாக இருக்கிறது, சுமக்கிறது, சுடுகிறது.

தை மாதம் சித்தப்பாவின் மகளைப் பார்க்க வந்தார்கள். வந்தவர்களில் பெரியவர் காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, நயமாகவே கேட்டார்: “அப்பாவுக்கு மூளையில ஏதோன்னு சொன்னாங்களே?” சித்தி என் பக்கம் திரும்பினாள். மூளையில் நோயில்லை, ஈரலில்தான். அடுப்பங்கரையில் விறகு சரியில்லாவிட்டால் கூடத்தில் புகை சூழ்வதில்லையா, அதுபோல என்று சொன்னேன். பெரியவர் புரிந்துகொண்டார். “ஈரலா?” என்றார். பிறகு சித்தப்பாவைப் பார்த்தார். அவர் மனதில் ஓடியது என்ன என்று எல்லோருக்கும் தெரிந்தது. வாழ்நாளில் ஒரு சொட்டு குடிக்காத மனிதர் தலையைக் குனிந்துகொண்டார். மூளை என்றால் பைத்தியம், ஈரல் என்றால் குடி. இரண்டுக்கும் நடுவில் ஒரு மனிதன் நிற்க இடம் விடாத பாஷை. பதில் சொல்லி அனுப்புகிறோம் என்று போனவர்கள் அனுப்பவில்லை. பாவு கொடுக்கிற முதலாளியும் அடுத்த பாவைக் கொஞ்சம் தள்ளிப் போட்டார்.

தெருவை மட்டும் குறை சொல்லிப் பயனில்லை. நம் பத்திரிகைகளைப் புரட்டிப் பார்த்தால் தெரியும். பிடிக்காத நாவலை ‘நோய்க்கூறு’ என்கிறோம். ஒரு தலைமுறையே ‘மனப்பிளவு’ கண்டிருக்கிறது என்கிறோம். இதை எழுதுகிற நாம் வாசலில் காபி டம்ளரைக் கீழே வைத்த அந்தப் பெரியவரைவிட எந்த விதத்தில் நாகரிகமானவர்கள்? நோயை உருவகமாக்காதே என்று சூசன் சொன்டாக் 1978இல் ஒரு புத்தகமே எழுதினார். நோய் நோய்தான், அதை அலங்காரம் இல்லாமல் பார் என்றார். புற்றுநோயும் காசநோயும் சுமந்த உருவகங்களை அவர் உரித்துப் போட்ட விதம் மறுக்க முடியாதது. ஆனால் அவரோடு முழுக்க ஒத்துப்போக எனக்கு முடியவில்லை. காரணம் சித்தப்பாதான்.

தெளிந்த பிறகு ஒருநாள், அந்த நாட்களில் எப்படி இருந்தது என்று கேட்டேன். “தலைக்குள்ள மப்பு போட்டுக்கினு இருந்திச்சுப்பா. மழ வரவும் இல்ல, விடியவும் இல்ல. அப்பறம் கலைஞ்சிடிச்சு” என்றார். பிரக்ஞையில் மேகம் கவிதல் என்று வைத்தியப் புத்தகங்களும்தான் சொல்கின்றன. அவர் அதைப் படிக்கவில்லை. மேகம் வந்தால் நூலின் ஈரம் மாறும், பாவு இழுக்காது, நிறம் கண்ணுக்குப் பிடிபடாது. தறிக்காரன் வானத்தை அப்படித்தான் அறிகிறான். அவருக்கு நேர்ந்ததற்கு அவரிடம் இருந்த சொல் உருவகம்தான். அடுத்தவன் மேல் ஒட்டுகிற உருவகம் வேறு, பட்டவனே தேடி எடுக்கிற உருவகம் வேறு என்ற வித்தியாசத்தை சொன்டாக் போதுமான அளவு கணக்கில் எடுக்கவில்லை. முதலாவது தீர்ப்பு. இரண்டாவது சாட்சியம்.

ஆனாலும் மப்பு ஆபத்தான சொல். தெருவில் மப்பு என்றால் வானத்தைப் பார்ப்பவர்கள் குறைவு; சாராயக் கடைப் பக்கம் பார்ப்பவர்கள்தான் அதிகம். சித்தி அதை உடனே உணர்ந்தாள். மப்பும் மந்தாரமுமாக இருக்கிறது என்ற ஜோடியில் முதலாவதைக் கழித்துவிட்டு இரண்டாவதை வைத்துக்கொண்டாள். எந்தக் கலைச்சொல் குழுவும் கூடவில்லை. காலையில் தறியில் உட்காருமுன் அவள் “இன்னிக்கு வெளிச்சமா, மந்தாரமா?” என்று கேட்கிறாள். அவர் கையை நீட்டிக் காட்டுகிறார். கை நின்றால் வெளிச்சம். சிறகடித்தால் மந்தாரம்; அன்றே ஆஸ்பத்திரி. இதுவரை இரண்டு தடவை அந்தச் சொல்தான் அவரை நேரத்தில் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறது.

அகராதியில் இந்த அர்த்தம் ஏறப்போவதில்லை. ஏற வேண்டும் என்று நான் கேட்கவும் இல்லை. மறுபடி பாவு வந்திருக்கிறது. இப்போது நடுவில் உட்கார்ந்து நெய்வது சித்தி. கரைப் பக்கத்து நாடாவை வாங்கித் தள்ளுகிற இடத்தில் சித்தப்பா இருக்கிறார்.