இருபதாவது பிறந்தநாளுக்குள்

குழந்தைகள் மீதான பாலியல் குற்றங்களுக்கான போக்சோ வழக்கில் கணவனுக்குத் தண்டனை ஆகிவிட்டால் கல்யாணமும் அதோடு முறிந்துவிடும் என்றுதான் பெண்ணைப் பெற்றவர்கள் நினைக்கிறார்கள். தொழிலுக்குப் புதிதாக வந்த வழக்கறிஞர்கள் சிலரும் அப்படித்தான். முறியாது. 2006ஆம் ஆண்டுக் குழந்தைத் திருமணத் தடைச் சட்டம், 18 வயது நிரம்பாத பெண்ணின் திருமணத்தைப் பொதுவாகத் தானாகச் செல்லாததாக்குவதில்லை. குழந்தையாக இருந்தபோது கட்டிவைக்கப்பட்டவர் மனுப் போட்டுக் கேட்டால்தான் நீதிமன்றம் அதை ரத்து செய்யும். கேட்காதவரை, அவன் சிறையில் இருந்தாலும் இவள் அவன் மனைவிதான். வெளியே வந்த பிறகு, "என் பெண்டாட்டியை அனுப்புங்க" என்று அவன் வாசலில் வந்து நிற்கலாம்.

சேலம், தருமபுரி பக்கம் இப்படிப்பட்ட பெண்களுக்காக வழக்காடுகிறவள் நான். குற்ற வழக்கை நடத்தக் காவல்துறையும் அரசு வழக்கறிஞரும் இருக்கிறார்கள். அந்த உறவிலிருந்து அவளை விடுவிக்கும் வழக்குக்குத்தான் ஆளில்லை. என் கவனமெல்லாம் அதில்தான்.

முதல் வேலை வயது. "டி.சி. இருக்குதுங்க மேடம்" என்று அப்பா நீட்டுவார். அது போதாது. சிறார் நீதிச் சட்டத்தின் 94ஆம் பிரிவு ஒரு வரிசை வைத்திருக்கிறது. பள்ளி தரும் பிறந்த தேதிச் சான்றிதழ் அல்லது தேர்வு வாரியத்தின் சான்றிதழ் முதலில். அது இல்லாவிட்டால் உள்ளாட்சியின் பிறப்புச் சான்றிதழ். எதுவுமே இல்லாதபோதுதான் எலும்புப் பரிசோதனை. தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், மாற்றுச் சான்றிதழ் இந்த வரிசையில் சேராது என்று 2023 ஜூலையில் உச்ச நீதிமன்றம் சொல்லி, தண்டனை பெற்றவரை விடுதலை செய்தது. என்னிடம் வரும் பெண்களில் பலர் பத்தாம் வகுப்புத் தேர்வு எழுதும் முன்பே நிறுத்தப்பட்டவர்கள். மார்க் ஷீட் இருக்காது. அம்மாவின் தலைப்பிரசவம் தாய்வீட்டில் நடந்திருந்தால் பிறப்புப் பதிவு வேறு மாவட்டத்தில் கிடக்கும். அந்த ஊருக்கு ஆள் அனுப்பிச் சான்றிதழை வாங்கி வைத்துக்கொண்ட பிறகுதான் பேனாவைத் திறக்கிறேன்.

அவளிடம் பேசுவது அடுத்தது. இதற்கு அவசரமே கூடாது. "அடிச்சாரா?" என்று கேட்டால் "இல்லைங்க" என்றுதான் பதில் வரும். கூட மாமியாரோ அம்மாவோ உட்கார்ந்திருந்தால் நான் பேச்சையே எடுப்பதில்லை. தனியாக இருக்கும்போது, காலையில் எத்தனை மணிக்கு எழுந்திரிப்பே, போன் யார்கிட்ட இருக்கு, பள்ளிக்கூடத்துச் சர்டிபிகேட் எந்த வீட்ல இருக்கு என்று கேட்பேன். ராத்திரி சாப்பாடு ஆனதும் தூங்கப் பிடிக்காமல் பாத்திரத்தைத் திரும்பத் திரும்பத் தேய்த்துக்கொண்டிருந்ததாக ஒரு பெண் சொன்னாள். அவள் வாயிலிருந்து வந்த சொற்களில் மிகக் கனமானது அதுதான். மனுவில் மாற்றாமல் அப்படியே எழுதினேன்.

அந்த இரவுகளுக்குச் சட்டம் மிகத் தாமதமாகத்தான் பெயர் வைத்தது. சம்மத வயது 1891இல் 10இலிருந்து 12 ஆனது. மனைவி விஷயத்தில் 1949இல் 15 ஆக்கினார்கள்; அதோடு நின்றது. 2012இல் போக்சோ வந்து 18 வயதுக்குட்பட்ட எல்லோரும் குழந்தைகள் என்றது. ஆனால் 15 நிரம்பிய மனைவியிடம் கணவன் செய்வது வன்புணர்வு ஆகாது என்ற விதிவிலக்கு இந்தியத் தண்டனைச் சட்டத்தில் அப்படியே இருந்தது. 2017 அக்டோபர் 11 அன்று உச்ச நீதிமன்ற நீதிபதிகள் மதன் லோகுரும் தீபக் குப்தாவும் அந்த 15ஐ 18 ஆக்கினார்கள். 2024 ஜூலையில் நடைமுறைக்கு வந்த புதிய தண்டனைச் சட்டத்திலும் 18தான்.

ஆனால் அந்த நல்ல தீர்ப்பின் சுமை பெண் தலையிலேயே விழுகிறது. வயிற்றில் பிள்ளையோடு ஆரம்ப சுகாதார நிலையம் போனால், தகவல் தரவேண்டிய கடமை மருத்துவருக்கு உண்டு. கணவன் என்பதாலேயே குற்றம் கடுமையான வகையில் சேரும். 2019 திருத்தத்துக்குப் பின் குறைந்தபட்சத் தண்டனையே 20 ஆண்டு. "மாமாவுக்கு இருபது வருசமாங்க?" என்று கேட்கிறவளிடம் நான் பொய் சொல்வதில்லை. பல வீடுகளில் கணவன் உண்மையிலேயே தாய்மாமன்; சாட்சிக் கூண்டு ஏறினால் பாட்டி வீடே எதிரில் நிற்கும். அப்படியொரு தமிழ்நாட்டு வழக்கில், இரண்டு குழந்தைகளோடு குடும்பம் நடக்கிறது என்பதற்காக 2022 மே மாதம் உச்ச நீதிமன்றம் தண்டனையை நீக்கியது. இதை முன்னுதாரணமாகக் கொள்ளக் கூடாது என்றும் சொன்னது. அந்த இரக்கம் எனக்குப் புரிகிறது. இருந்தும் நெஞ்சு ஒப்பவில்லை. பிள்ளைகள் பிறந்த பிறகு கேட்கப்படும் "உனக்குச் சம்மதமா?" என்ற கேள்வியைத் தாலி கட்டும் முன் அவளிடம் யார் கேட்டார்கள்?

அதனால்தான் ரத்து மனுவில் அவளுக்கு என்னென்ன கிடைக்கும் என்பதை உட்கார்ந்து விளக்குகிறேன். மறுமணம் ஆகும்வரை ஜீவனாம்சம். கணவனும் மைனர் என்றால் அவன் பெற்றோர் தரவேண்டும். தங்க இடம் கேட்கலாம். இரு பக்கமும் கைமாறிய நகையும் பணமும் திரும்பவேண்டும். பெண்கள் மிகவும் பயப்படுவது கைக்குழந்தைக்காக: "இதுக்கு அப்பன் பேரு இல்லாமப் போயிடுமாங்க?" போகாது. திருமணம் ரத்தானாலும் குழந்தை சட்டபூர்வமான குழந்தைதான் என்று 6ஆம் பிரிவு தெளிவாகச் சொல்கிறது. இதைக் கேட்டபிறகுதான் பலர் கையெழுத்துப் போடுகிறார்கள். அவள் இன்னும் மைனர் என்றால் பாதுகாவலரோ வேறொரு பெரியவரோ, குழந்தைத் திருமணத் தடை அலுவலரோடு சேர்ந்து மனுப் போடவேண்டும். கட்டிவைத்ததே அப்பா என்றால் அவரைப் பாதுகாவலராகப் போடுவது எனக்குச் சம்மதமில்லை. அத்தையோ ஆசிரியையோ கிடைப்பாரா என்று தேடுவேன்.

கல்யாணத்துக்கு முன்பே குழந்தைகள் உதவி எண் 1098க்குத் தகவல் போய்விட்டால் இவ்வளவும் தேவைப்படாது. ஆனால் அங்கும் பெற்றோரிடம் "செய்ய மாட்டோம்" என்று எழுதி வாங்கிக்கொண்டு அதிகாரிகள் திரும்பிவிடுகிறார்கள். வேறு ஊர்க் கோயிலில் காதும் காதும் வைத்தாற்போல் தாலி ஏறிவிடுகிறது. மாஜிஸ்திரேட்டிடம் தடையாணை வாங்கியிருந்தால், அதை மீறி நடந்த கல்யாணம் தொடக்கத்திலிருந்தே செல்லாது. எழுதி வாங்கிய காகிதத்துக்கு அந்தப் பலம் கிடையாது.

மனுவுக்குக் கெடு உண்டு. மேஜராகி இரண்டு ஆண்டு முடிவதற்குள், அதாவது 20ஆவது பிறந்தநாளுக்குள், போட்டாக வேண்டும். போக்சோ விசாரணையை ஓராண்டில் முடிக்கச் சட்டம் சொன்னாலும் இழுத்துக்கொண்டே போகிறது. அது முடியட்டும் என்று காத்திருக்கும் பெண்ணுக்கு 20 கடந்துவிடும். பிறகு அவளுக்கு மிச்சம் பெரும்பாலும் சாதாரண விவாகரத்துதான். அங்கே அவள் குழந்தையாக இருந்தது பொதுவாக ஒரு காரணம் ஆகாது. பட்ட கொடுமையை மறுபடி முதலிலிருந்து சொல்லி நிரூபிக்க வேண்டும். இந்தத் தேதியைக் கணக்குப் போட்டு, மீட்கப்பட்ட பெண்ணைக் குழந்தைகள் நலக் குழு வீட்டுக்கு அனுப்பும் ஆணையிலேயே எழுதித் தரவேண்டும் என்று போகிற இடமெல்லாம் கேட்டுவருகிறேன்.