காலத்தைக் கைவினையாக்கும் மன்னார்ப் பெண்கள்

காலத்தையே மூலப்பொருளாக வைத்துப் பொருள் செய்யும் கைவினைஞர்கள் ஓர் ஊரில் இருந்தார்களாம் என்று யாராவது சொன்னால், அது சிறுவர் கதை என்றே நாம் நினைப்போம். ஆனால் மன்னார்க் கரையோரத்தை ஒருநாள் சுற்றிவந்த பின்னர், அப்படியான பெண்களை நேரிலேயே கண்டுவந்ததாக உணர்கிறேன்.

மதவாச்சியிலிருந்து வரும் வீதி தள்ளாடியைத் தாண்டியதும் இருபுறமும் கடல்நீர் பரந்து கிடக்கிறது. தீவையும் பெருநிலப்பரப்பையும் இணைத்த பாலம் 1990இல் தகர்க்கப்பட்டது. புதிய பாலம் 2010இல் தான் திறக்கப்பட்டது. இடைப்பட்ட இருபது வருடங்களில் இந்தச் சிறு துண்டு வீதியைக் கடப்பதற்காக எத்தனை மணித்தியாலங்கள் காத்து நின்றிருப்போம்! அதே 1990 ஒக்ரோபரில் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்ட தீவின் முஸ்லிம் சகோதரிகள், ஊர் திரும்பும் நாளை எண்ணிப் புத்தளத்தில் பல வருடங்கள் காத்திருந்தார்கள். காத்திருப்பது எங்கள் எல்லோருக்கும் பழகிப்போன வேலை.

பள்ளிமுனையில் நிற்கும் பெருக்கமரத்தைப் பார்த்துவிட்டுப் பேசாலைக்குப் போனேன். காலை வெயில் ஏறியிருந்தது. கரையில் ஒரு வாடிக்கு அருகே அக்கா ஒருவர் பாரை மீன் கீறிக்கொண்டிருந்தார். செதிலைச் சுரண்டி, குடலை எடுத்து, மீனை விரித்து உப்பிட்டு ஓரிரவு வைப்பார். மறுநாள் கழுவி வெயிலில் பரப்புவார். மணலில் போடாமல் உயரமான தட்டியில் பரப்பினால் மண் ஒட்டாது, கீழாலும் காற்றுப் போகும் என்றார். நெத்தலி, சூடை போன்ற சிறு மீன்கள் ஒன்றிரண்டு நாளில் காய்ந்துவிடும். பெரிய மீனுக்கு இன்னும் சில நாட்கள் வேண்டும். வெயில் மிஞ்சினால் மேற்புறம் இறுகி உள்ளே ஈரம் நின்றுவிடும். வெயில் குறைந்தால் புழு வைக்கும். நேரம் பார்த்துப் புரட்ட வேண்டும், பனி விழமுன் அள்ளி மூட வேண்டும். சோளகம் வீசும் காலத்துக்கு ஒரு கணக்கு, மாரிக்கு இன்னொரு கணக்கு.

“காய்ந்தது எப்படித் தெரியும் அக்கா?” என்று கேட்டேன்.

“விரலால அமத்திப் பார்ப்பன் தங்கச்சி. கை சொல்லும்.”

சிறிது நேரம் பேசாமல் இருந்தவர், இறுதி யுத்தத்தில் காணாமற்போன கணவரைப் பற்றிச் சொன்னார். “மீன் எத்தனை நாளில காயும் எண்டு எனக்குத் தெரியும். அவர் எப்ப வருவார் எண்டுதான் ஒருத்தரும் சொல்லேல்ல. இந்த வேலை இருக்கிறபடியால் பொழுது போகுது, பிள்ளையளும் படிக்குதுகள்.”

அவருடைய குறை வேறொன்று. மூன்று கிலோ மீன் காய்ந்தால் ஏறத்தாழ ஒரு கிலோதான் மிஞ்சும். வியாபாரி நிறுத்துத்தான் எடுப்பார். நன்றாகக் காயவைத்தால் நிறை குறையும், காசும் குறையும். ஈரத்தோடு கொடுப்பவருக்கு நிறை கூடும். அதாவது, அக்கா அதிகமாகக் கொடுக்கும் ஒவ்வொரு நாளும் அவருக்கே நட்டமாகிறது!

அங்கிருந்து தலைமன்னார் நோக்கிப் போகும் வழியில் பனைகளைக் கண்டேன். பனைவேலையும் காலவேலையே. ஆடி, ஆவணியில் விழும் பழத்தைப் பிசைந்து, களியைப் பாயில் ஊற்றி, காயக் காய அதன்மேல் மறுபடியும் ஊற்றினால் பனாட்டு. விதைகளைப் பாத்தியில் அடுக்கி மாரி மழைக்கு விட்டால், தை மாதமளவில் கிழங்கு. அதைப் பச்சையாகக் கிழித்துக் காயவைத்தால் ஒடியல், அவித்துக் காயவைத்தால் புழுக்கொடியல். ஒருமுறை காயவைத்தது பல மாதங்களுக்குக் கைகொடுக்கும். யுத்தகாலத்தில் பதுங்குகுழிகளுக்காக வடக்கில் ஏராளமான பனைகள் தறிக்கப்பட்டன. இன்று விதை நடும் பெண் அதன் பயனைக் காணப் பத்துப் பதினைந்து வருடங்கள் பொறுக்க வேண்டும். அநேகமாக அது பிள்ளைகளுக்கான உழைப்பு.

மாலையில் மீண்டும் பாலத்தைக் கடந்து, பெருநிலத்தின் கரையோரமாகத் தெற்கே அரிப்புக்குப் போனேன். முத்துக்குளிப்பை மேற்பார்வையிட ஆளுநர் பிரெடெரிக் நோர்த் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டுவித்த மாளிகை, கடலரிப்பினால் இடிந்து நிற்கிறது. முத்தும் காலத்தின் பொருளே. சிப்பி முதிர வருடங்கள் செல்லும். அள்ளிய சிப்பிகளைக் குவித்து, பல நாட்கள் அழுகவிட்டுக் கழுவித்தான் முத்தெடுப்பார்கள். மூச்சடக்கிக் கடலடியில் இறங்கியவர்கள் எங்கள் கரைகளின் ஏழைகள். பெருஞ்செல்வம் சேர்த்தவர்கள் வேறு ஆட்கள். பேசாலை அக்காவின் தராசு அப்போது என் நினைவுக்கு வந்தது.

சகோதரிகளே, எங்கள் கைவேலைக்கு விலை சொல்லும்போது மீனின் விலையையும் உப்பின் விலையையும் கணக்கிடுகிறோம். அதற்குக் கொடுத்த நாட்களை மட்டும் எழுதுவதில்லை. ஒரு கொப்பி வாங்கி, எந்த மீனுக்கு எத்தனை நாள், எத்தனை மணித்தியாலம் என்று எழுதி வைப்போம். நாலைந்து பேர் சேர்ந்து, நன்றாகக் காய்ந்ததைத் தரம் பிரித்து ஒரே விலை சொல்வோம். முடிந்தால் ஒரு பகுதியை ஈரம் படாமல் வைத்து, புதுக் கருவாடு குறைந்திருக்கும் மாரியில் விற்போம். கை அறிந்த கணக்கைப் பிள்ளைகளுக்கும் சொல்லிக்கொடுப்போம்.

யுத்தம் எங்களிடமிருந்து எடுத்த வருடங்கள் திரும்பி வரமாட்டா. இனிக் கொடுக்கும் நாட்களுக்காவது கூலி கேட்போம்.