முந்நூறு பேரின் கணக்கு

நோஞ்சான் இளைஞன் ஸ்டீவ் ராஜர்ஸுக்கு ஒரு விஞ்ஞானி ஊசி போடுகிறார். சில நொடிகளில் அவன் மாவீரனாகிறான். அங்கேயே ஒரு நாஜி உளவாளி விஞ்ஞானியைச் சுட்டுக் கொல்ல, மருந்தின் ஃபார்முலாவும் அவரோடு மறைந்துவிடுகிறது. ஜோ சைமனும் ஜாக் கிர்பியும் 1941 மார்ச் மாத இதழில் சொன்ன கேப்டன் அமெரிக்காவின் பிறப்புக் கதை இதுதான். விஞ்ஞானியின் மரணம் கதைக்கு வசதியான முடிச்சு, ஏனென்றால் இனி இன்னொரு மாவீரன் உருவாக வழியில்லை. ஆனால் உலகப் போர் நடக்கும் நேரத்தில் இப்படி ஒரு மருந்தைப் பறிகொடுத்த அரசு கைகட்டி உட்கார்ந்திருக்குமா? மறுபடி தயாரிக்க முயன்றிருக்கும். முயன்றால் மனித உடல்களில்தான் சோதித்துப் பார்த்திருக்கும். அன்றைய அமெரிக்காவில் அவை யாருடைய உடல்களாக இருந்திருக்கும்? ராபர்ட் மொராலெஸ் எழுதி கைல் பேக்கர் வரைந்து 2003இல் மார்வெல் வெளியிட்ட ‘ட்ரூத்: ரெட், ஒயிட் அண்ட் பிளாக்’ என்ற தொடர் இந்தக் கேள்வியை நேருக்கு நேர் கேட்டது. ஏழே இதழ்கள்தான் வந்தன. மூலக்கதையைக் கெடுத்த தொடர் என்று பலர் அதைக் குறை சொன்னார்கள். மூலக்கதை சொல்லாமல் விட்டதைச் சொல்லி முடித்த தொடர் என்றே நான் கருதுகிறேன்.

தொடரில் முந்நூறு கறுப்பின வீரர்களை ராணுவம் ரகசியச் சோதனைக்குக் கொண்டுபோகிறது. உடல் வீங்கிச் சிதைந்து பெரும்பாலோர் சாகிறார்கள். போரில் இறந்ததாகக் குடும்பங்களுக்குச் செய்தி போகிறது. முதற்கட்டச் சோதனையில் ஐந்து பேர் மட்டும் பிழைக்கிறார்கள். அவர்களில் ஒருவரான ஐசாயா பிராட்லி, கேப்டன் அமெரிக்காவுக்கென்று தைத்த சீருடையை எடுத்து அணிந்துகொண்டு எதிரி மண்ணில் போய்ச் சண்டையிடுகிறார். திரும்பி வந்தவருக்குக் கிடைப்பது சிறைத்தண்டனை. இது கற்பனைதான். ஆனால் ஆதாரமில்லாத கற்பனை அல்ல. அலபாமா மாநிலம் டஸ்கீகியில் 1932 முதல் 1972 வரை அமெரிக்கப் பொதுச் சுகாதாரத் துறை 600 கறுப்பின ஆண்களைத் தன் ஆய்வில் வைத்திருந்தது. அவர்களில் 399 பேருக்கு மேகநோய். பென்சிலின் அதைக் குணப்படுத்தும் என்று தெரிந்த பின்பும், நோய் முற்றுவதைக் கவனிப்பதற்காகவே அவர்களுக்குச் சிகிச்சை தரவில்லை. அரசின் சார்பில் அதிபர் கிளின்டன் மன்னிப்புக் கேட்டது 1997இல். அதே ஆண்டில்தான், இரண்டாம் உலகப் போரில் பங்கேற்ற கறுப்பின வீரர்கள் ஏழு பேருக்கு முதன்முறையாக ‘மெடல் ஆஃப் ஹானர்’ கிடைத்தது. பத்து லட்சத்துக்கும் அதிகமான கறுப்பினத்தவர் அந்தப் போரில் படையில் இருந்தார்கள். அத்தனை பேரில் ஒருவருக்குக்கூட அந்தக் காலத்தில் அந்த விருது தரப்படவில்லை. ஏழு பேரில் விருது வாங்கும்போது உயிரோடு இருந்தவர் வெர்னன் பேக்கர் ஒருவர்தான்.

டஸ்கீகியில் சிகிச்சையை மறுத்தார்கள், கதையில் மருந்தை ஏற்றுகிறார்கள், இரண்டும் ஒன்றல்ல என்று ஒருவர் மறுக்கலாம். நியாயமான மறுப்பு. ஆனால் அந்தப் போர்க்காலத்தில் அமெரிக்க ராணுவம் தன் வீரர்கள் ஏறத்தாழ 60,000 பேரை மஸ்டர்ட் வாயு போன்ற நச்சுப்பொருள்களின் சோதனையில் பயன்படுத்தியது. அதற்குள்ளேயே கறுப்பின வீரர்கள், ஜப்பானிய வம்சாவளியினர், போர்ட்டோ ரிக்கோவினர் ஆகியோரைப் பிரித்தெடுத்து, தோலின் நிறத்துக்கேற்ப நஞ்சின் பாதிப்பு மாறுகிறதா என்றும் சோதித்தார்கள். இந்த நிறவாரிச் சோதனைகளை ஒரு வானொலிப் புலனாய்வு விரிவாக மக்கள் முன் வைத்தது 2015இல், அதாவது தொடர் வந்து பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து. மொராலெஸின் ஊகம் உண்மையிலிருந்து அவ்வளவு தூரம் விலகியிருக்கவில்லை.

கேப்டன் அமெரிக்காவின் பெயரைக் கெடுத்துவிட்டார்கள் என்ற கோபம் முதல் இதழ் கைக்கு வருவதற்கு முன்பே கிளம்பிவிட்டது. தொடரைப் படித்தவர் அப்படிச் சொல்ல முடியாது. கடைசியில் உண்மையைத் தேடிப் பிடித்து ஐசாயாவின் வீட்டுக்கே போய் நிற்பவர் ஸ்டீவ் ராஜர்ஸ்தான். அவருடைய நேர்மையில் மொராலெஸ் கை வைக்கவே இல்லை, அந்த நேர்மையை நம்பித்தான் கதையையே முடிக்கிறார். ஓவியம் பற்றிய குறை இதைவிடக் கனமானது. கைல் பேக்கரின் உருண்டையான கேலிச்சித்திர முகங்கள் இவ்வளவு துயரத்துக்குப் பொருந்தவில்லை என்றார்கள். சில பக்கங்களில் எனக்கும் அது உறுத்துகிறது. ஆனாலும் செதுக்கிய தசைகளோடு வரைந்திருந்தால் இந்தச் சோதனையும் நாம் ரசித்துப் பார்க்கும் காட்சியாகியிருக்கும். பேக்கரின் கோடுகள் அந்த இன்பத்தை நமக்குத் தர மறுக்கின்றன. அது சரியான முடிவு.

ஏழு இதழில் முடிந்ததே தோல்விக்கு அடையாளம் என்பாரும் உண்டு. முதலிலேயே குறுந்தொடராகத் திட்டமிட்டதுதான் இது. மாதாமாதம் வரும் தொடருக்கு, மாதாமாதம் எழுந்து வரும் நாயகன் தேவை. ஐசாயாவை எழவிடவில்லை என்பதே இங்கே கதை. அதை நூறு இதழுக்கு இழுத்தால் அவரும் இன்னொரு சாகச வீரராகிவிடுவார். தொடருக்குப் பிறகு அவருக்கு மார்வெல் தந்த இடம் சிறியது என்பதுதான் உண்மையான குறை. 2005இல் அவருடைய பேரன் ‘யங் அவெஞ்சர்ஸ்’ குழுவில் ஒரு நாயகனானான். 2021இல் ‘தி ஃபால்கன் அண்ட் தி வின்டர் சோல்ஜர்’ தொடரில் கார்ல் லம்ப்ளி நடித்த பிறகுதான் ஐசாயாவின் பெயர் பரவலாகத் தெரிய வந்தது. 1941ஆம் ஆண்டின் முதல் கதையை மறுபதிப்புச் செய்யும்போதெல்லாம் இந்த ஏழு இதழ்களையும் அதே அட்டைக்குள் சேர்த்து அச்சிட வேண்டும்.