ரோனா கப்பலின் கலாசிகள்

நாகூர், காயல்பட்டினம் பக்கத்து மூத்த தலைமுறைக்கு 'ரஜூலா' என்ற பெயரைச் சொன்னால் போதும். பினாங்குக்கும் சிங்கப்பூருக்கும் போன சபுராளிகளின் கதைகள் தானாக வந்து விழும். அந்த ரஜூலாவுக்கு 'ரோனா' என்றொரு சகோதரி இருந்தது. இரண்டும் 1926இல் பிரிட்டிஷ் இந்தியா கம்பனிக்காகக் கட்டப்பட்டவை. மதராஸ், நாகப்பட்டினம், சிங்கப்பூர் என்று சரக்கோடு ஆயிரக்கணக்கான தளப் பிரயாணிகளையும் சுமந்தவை. ரஜூலா 1973 வரை ஓடியது. ரோனாவைப் பேசுவார் இல்லை.

இரண்டாம் உலக யுத்தத்தில் பிரித்தானிய அரசு ரோனாவைப் படையேற்றும் கப்பலாக எடுத்துக்கொண்டது. 1943 நவம்பரில் ஒரான் துறைமுகத்தில் ஏறத்தாழ 2000 அமெரிக்கச் சிப்பாய்கள் ஏறினர். இந்தியா நோக்கிய பயணம். நவம்பர் 26 மாலை, அல்ஜீரியக் கரைக்கப்பால், ஜேர்மன் விமானமொன்று வானொலி அலையால் வழிநடத்தப்படும் குண்டை ஏவியது. அது கப்பலின் இடப்புறத்தைத் துளைத்து எஞ்சின் அறைப் பக்கமாக வெடித்தது. மின்சாரம் செத்தது. படகுகள் சில வெடிப்பிலேயே சிதைந்தன. சிலவற்றைத் துருவும் பெயின்டும் பிடித்துக்கொண்டு இறங்கவிடவில்லை என்று தப்பியவர்கள் சொன்னார்கள். ஒன்றரை மணித்தியாலத்தில் கப்பல் மூழ்கிற்று. 'பயனியர்' என்ற அமெரிக்கக் கப்பல் மட்டும் இரவிரவாக 606 பேரை மீட்டது. மௌத்தான அமெரிக்கர் 1015 பேர்.

புதிய ஆயுதத்தின் வெற்றி வெளியே தெரியக்கூடாதென்று செய்தி பல்லாண்டுகள் மூடி வைக்கப்பட்டது. பிள்ளை எப்படி இறந்தான் என்று அறியாமலே எத்தனையோ தாய்மார் போய்விட்டனர். 1996இல் அலபாமாவில் நினைவுக்கல் எழும்பியது. 2000இல் அமெரிக்கக் காங்கிரசும் அவர்களை நினைவுகூர்ந்தது. நியாயந்தான்.

ஆனால் தப்பியவர்களின் கதைகள் சிலவற்றில் ஒரு வரி வருகிறது: 'இந்தியக் கலாசிகள் முதலில் படகேறி ஓடினார்கள்.' யார் இந்தக் கலாசிகள்? அக்காலத்துப் பிரித்தானியக் கப்பல்களின் அடித்தட்டில், கொதிகலன் வாயிலில், கரி அள்ளியும் எண்ணெய் பூசியும் வெந்தவர்களில் பலர் சில்ஹெட், நவகாளிப் பக்கத்து முஸ்லிம்கள். வெள்ளைக்கார மாலுமியின் சம்பளத்தில் ஒரு துண்டுதான் அவர்களுக்கு. அவர்களை மேய்த்த மேஸ்திரிக்கு 'டிண்டல்' என்று பெயர். நமது கரையோரத் தோணிகளின் 'தண்டயல்' தான் அது.

ரோனாவின் சிப்பந்திகள் 195 பேர். பெரும்பாலும் இந்தியர். அதில் ஏறத்தாழ 120 பேர் அன்று மாண்டனர். சிப்பாய்களில் பாதிப்பேர் இறந்தார்கள் என்றால், இவர்களில் ஐந்தில் மூவர். முதலில் ஓடித் தப்பிய கூட்டத்தின் கணக்கு இப்படியா வரும்? பயந்து ஓடிய ஒரு சிலர் இருந்திருக்கலாம், சிப்பாய்களிலுந்தான் இருந்திருப்பார்கள். குண்டு வெடித்த இடமோ எஞ்சின் அறை. அங்கு நின்றவனுக்குப் படகு எங்கே, ஓட்டம் எங்கே? தப்பி வந்த சிப்பாய் எழுத வல்லவன், எழுதினான். தப்பி வந்த கலாசி அடுத்த கப்பலுக்குக் கைநாட்டு வைக்கப் போனான்.

அந்த யுத்தத்தில் இறந்த இந்திய வணிகக் கப்பல் மாலுமிகளின் பெயர்களை ஒரு நினைவுப் புத்தகத்தில் எழுதி வைத்திருக்கிறார்கள். ஆயிரக்கணக்கான பெயர்கள். ஒரு பிரதி சிட்டாகொங்கில், மற்றது மும்பாயில்.