கைவிடப்பட்ட கருவி, கைவிடாத கைகள்

1988-இல் வெளிவந்த ஃப்ரீஹேண்ட் என்னும் வரைகலை மென்பொருளின் வரலாறு, கருவி யாருக்கு உரியது என்ற கேள்வியின் வரலாறாகவும் இருக்கிறது. அதை உருவாக்கியது டெக்சாஸின் ஆல்ட்சிஸ், விற்றது ஆல்டஸ். 1994-இல் அடோபியும் ஆல்டஸும் இணைந்தபோது, இல்லஸ்ட்ரேட்டரின் முதன்மைப் போட்டி மறைந்துவிடும் என அமெரிக்கக் கூட்டாட்சி வணிக ஆணையம் அஞ்சியது. ஃப்ரீஹேண்டை ஆல்ட்சிஸிடமே திருப்பித் தரச் செய்து, பத்தாண்டுகளுக்கு அதை அடோபி வாங்கக் கூடாதெனத் தடையும் விதித்தது. ஆல்ட்சிஸ் பின்னர் மேக்ரோமீடியாவுடன் இணைந்தது. தடைக்காலம் முடிந்ததும், 2005-இல், மேக்ரோமீடியாவையே அடோபி வாங்கியது. 2007-இல் ஃப்ரீஹேண்டின் வளர்ச்சி நிறுத்தப்பட்டது.

ஆனால் அதில் பழகியவர்கள் நிறுத்தவில்லை. முகவரி அட்டை, கடிதத்தாள், சுவரொட்டி என வெவ்வேறு அளவுப் பக்கங்களை ஒரே கோப்பில் அருகருகே வைத்து வரைய அது இடம் தந்தது. இல்லஸ்ட்ரேட்டருக்கு அவ்வசதி 2008-இல்தான் வாய்த்தது. வசதியினும் ஆழமானது பழக்கம். ஆண்டுக்கணக்கில் தேர்ந்த கை, மனம் எண்ணுமுன்பே கோட்டை வளைத்துவிடும். கருவி மாறினால் அத்தேர்ச்சி மீண்டும் அரிச்சுவடியிலிருந்து தொடங்க வேண்டும்.

2011-இல், பழைய பவர்பிசி மென்பொருள்களை இயக்கிவந்த ரோசெட்டாவை ஆப்பிள் தன் புதிய இயங்குதளத்திலிருந்து நீக்கியது. அவ்வாண்டே பயனர் அமைப்பொன்று அடோபிமீது வழக்குத் தொடுத்தது. மறு ஆண்டு அது சமரசத்தில் முடிந்தது. ஃப்ரீஹேண்ட் மீளவில்லை. பழைய மேக் ஒன்றைப் புதுப்பிக்காமலே வைத்திருக்கும் வரைஞரைப் பழமைவாதி என்று நகைப்பது எளிது. அவர் காப்பது தம் கோப்புகளை. அவற்றைத் திறக்கும் சாவி அந்தக் கணினியில் இருக்கிறது.