மோர்லீஸ் பெயர்ப்பலகைக்குப் பின்னால்



இவ்வாரம் நான் எழுத எடுத்துக்கொண்ட பொருள் உங்களுள் சிலருக்கு வியப்பளிக்கலாம்: பொரித்த கோழிக்கடை. பங்குத்தந்தைக்கு இதில் என்ன வேலை என்று கேட்பீர்கள். நம்மவருள் எத்தனை குடும்பங்கள் கொதிக்கும் எண்ணெய்த் தொட்டியின் முன் நின்று இந்நாட்டில் வேரூன்றின என்பதை அறிந்தவர்கள் அவ்வாறு கேட்கமாட்டார்கள்.

தென் இலண்டனில் வாழ்வோருக்கு மோர்லீஸ் என்ற பெயரை அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. லூயிஷம், பிரிக்ஸ்ரன், குரொய்டன் என எங்கு சென்றாலும் அந்தச் சிவப்பும் வெள்ளையும் கலந்த பலகை கண்ணிற் படும். தென் இலண்டனின் ராப் பாடகர்கள் தம் பாடல்களில் அதைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறார்கள். பெயரைக் கேட்டால் பழைய ஆங்கிலேயக் குடும்பம் ஒன்று தொடங்கிய கடை என்றே தோன்றும். அதைத் தொடங்கியவரோ இலங்கையிலிருந்து வந்த கண்ணலிங்கம் செல்வேந்திரன். 1985ஆம் ஆண்டு சிடன்ஹம் பகுதியில் ஒரே ஒரு கடையாகத் தொடங்கியது, இன்று ஏறத்தாழ 100 கடைகளாகப் பெருகி நிற்கிறது. அவருடைய மகன் ஷான் செல்வேந்திரன் அதை நடத்துகிறார்.

1985 என்ற ஆண்டைச் சற்று நினைத்துப் பாருங்கள். 1983 ஆடிக் கலவரத்தின் புகை அடங்காத காலம். பெட்டி ஒன்றும் முகவரி எழுதிய தாள் ஒன்றுமாக நம்மவர்கள் ஹீத்ரோவில் வந்திறங்கிக்கொண்டிருந்தார்கள். ஊரிலே ஆசிரியராகவும் எழுதுவினைஞராகவும் இருந்தவர்கள், இங்கே பெற்றோல் நிலையத்தில் இரவுக் காவலும் கடைகளில் பெட்டி தூக்கும் வேலையும் செய்தார்கள். அதே ஆண்டு செப்ரெம்பரில், பிரிக்ஸ்ரனில் கறுப்பினத் தாய் ஒருவர் தம் வீட்டினுள்ளேயே பொலிசாரின் துப்பாக்கிச் சூட்டுக்கு இலக்கானார். அதைத் தொடர்ந்து அப்பகுதி பற்றியெரிந்தது. ஆக, தீயைப் பார்த்துவிட்டு வந்த ஒரு மக்கள் கூட்டம், தீயைப் பார்த்துக்கொண்டிருந்த இன்னொரு மக்கள் கூட்டத்தின் தெருக்களில் கடை திறந்தது. மோர்லீஸின் வளர்ச்சியை எண்ணும்போதெல்லாம் இந்தச் சந்திப்பே என் மனத்தில் முதலில் எழுகிறது.

இந்த உணவுக்கும் ஒரு வரலாறு உண்டு. கென்டக்கி மாநிலத்தின் கோர்பின் ஊரில் சாலையோர உணவகம் நடத்திய ஹார்லண்ட் சாண்டர்ஸ் 1939இல் பிரஷர் குக்கரில் கோழி பொரிக்கத் தொடங்கினார். 1952இல் சோல்ட் லேக் நகரில் முதல் கிளைக்கு உரிமம் வழங்கினார். 1950களின் நடுவில் புதிய நெடுஞ்சாலை ஒன்று தம் கடைவாசலை ஒதுக்கிச் சென்றபோது, 65 வயதை எட்டியிருந்த அவர் கடையை விற்றுவிட்டு, ஊர் ஊராகக் காரிற் சென்று தம் செய்முறையை விற்றார். 1965இல் அவருடைய கடை இங்கிலாந்தின் பிரெஸ்ரன் நகருக்கு வந்தது. மக்டொனால்ட்ஸ் இந்நாட்டில் தன் முதற் கடையை வூல்விச்சில் திறந்தது 1974இல்தான்.

ஆனால் சாண்டர்சுக்கு வெகு முன்பே, வர்ஜீனியா மாநிலத்தின் கோர்டன்ஸ்வில் என்ற ஊரில், அடிமைத்தளையிலிருந்து விடுபட்ட கறுப்பினப் பெண்கள் தட்டுகளைத் தலையில் ஏந்தி, நின்ற தொடருந்தின் சன்னல் வழியே பயணிகளுக்குப் பொரித்த கோழி விற்றார்கள். அந்தக் காசில் வீடு கட்டியவர்களும் அவர்களுள் இருந்தார்கள். ஆகவே, ஊரிழந்தோரும் உரிமையிழந்தோரும் கையிலுள்ளதைக் கொண்டு எழுந்து நிற்பதற்கு இந்த உணவு துணை செய்தது புதிதன்று. கரிபியன் தீவுகளிலிருந்தும் ஆபிரிக்காவிலிருந்தும் வந்தோர் நிறைந்த தென் இலண்டனில் இதற்குப் பசி காத்திருந்தது. நம்மவர் எண்ணெயைச் சூடாக்கினார்கள்.

ஒரு கடை எவ்வாறு 100 ஆகிறது? பெரும்பாலும் பிரான்சைஸ் முறையில்தான். பெயரும் செய்முறையும் தாய் நிறுவனத்துக்குரியவை; கடையின் முதலும் உழைப்பும் கிளையை எடுப்பவருக்குரியவை. சட்டத் தாளில் இது ஓர் ஒப்பந்தம். நடைமுறையிலோ ஒருவரையொருவர் நம்பினாலன்றி இது ஒரு மாதமும் நிலைக்காது. ஒரு கிளையில் நேற்றைய கோழியை இன்று விற்றால், ஏனைய 99 கிளைகளின் பெயரும் கெடும்.

பொதுவாக நம் மக்களின் கடைகள் இந்நகரில் எழுந்த விதத்தையும் நீங்கள் அறிவீர்கள். வங்கி முகம் கொடுக்காத காலத்தில் சீட்டுப் பிடித்து முதல் திரட்டினோம். கணவன் இரவில் நின்றால் மனைவி பகலில் நின்றாள். பிள்ளைகள் கவுண்டருக்குப் பின்னாலுள்ள அறையில், உறைகோழிப் பெட்டிகளுக்கிடையே வீட்டுப்பாடம் செய்தார்கள். அவர்களுள் இன்று மருத்துவரும் கணக்காளரும் உளர். தம் பெற்றோர் என்ன வேலை செய்தார்கள் என்று கேட்டால், ‘பிசினஸ்’ என்று சொல்லிப் பேச்சை மாற்றுவோரும் உளர். இதில் நாணுவதற்கு எதுவுமில்லை. நம் ஆண்டவர் தச்சர் மகன் என்றே ஊராரால் அழைக்கப்பட்டார்.

பெயர் வளர்ந்தால் அதற்கு விலையும் வளரும்; விலை வளர்ந்தால் வழக்கும் வரும். தன் பெயரையும் தோற்றத்தையும் ஒத்தவற்றைப் பிறர் பயன்படுத்துவதாக மோர்லீஸ் தொடுத்த வணிகக்குறி வழக்கில், 2024இல் இலண்டன் நீதிமன்றம் அதன் பக்கம் தீர்ப்பளித்தது. 2025இல் மேன்முறையீட்டு நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. இரவில் மது அருந்திவிட்டு வருவோர் எவ்வளவு கவனத்துடன் பலகையைப் பார்ப்பார்கள் என்பதுகூட அவ்வழக்கில் ஆராயப்பட்டது. எதிர்த்தரப்பிலும் தமிழ்ப் பெயர்களே இருந்தன. சட்டம் தன் தீர்ப்பைச் சொல்லிவிட்டது. அதற்கு மேல் நான் சொல்ல ஒன்றுமில்லை. எனினும் சகோதரர் சகோதரரை வழக்கு மன்றத்துக்கு இழுக்கும் நிலை குறித்துப் புனித பவுல் கொரிந்தியருக்கு வருந்தி எழுதியதை, கடை நடத்தும் நம் மக்கள் அனைவரும் ஒருமுறை வாசிப்பது நன்று.

இப்போது எனக்கு மிக முக்கியமானதாகத் தோன்றும் செய்திக்கு வருகிறேன். 2019 ஓகஸ்ட் மாதம், பிரித்தானிய உள்துறை அமைச்சு 321,000 கோழிப் பெட்டிகளை அச்சிட்டு, இங்கிலாந்திலும் வேல்சிலுமுள்ள 210க்கும் மேற்பட்ட கோழிக்கடைகளுக்கு அனுப்பியது. பெட்டியின் உட்புறத்தில் கத்தியைக் கைவிட்டு நல்வழி தேர்ந்த இளைஞர்களின் கதைகள் அச்சிடப்பட்டிருந்தன. பரீட்சார்த்தமாக அதை முதலில் நடத்தியது மோர்லீஸ் கடைகளில்தான். டேவிட் லாமி, டயான் அபொட் போன்ற நாடாளுமன்ற உறுப்பினர்கள் கொதித்தெழுந்தார்கள். பொரித்த கோழியையும் கறுப்பின இளைஞரையும் கத்தியையும் ஒன்றாக முடிச்சுப் போடுவது பழைய இழிவின் புதிய வடிவம் என்றார்கள். பிள்ளைகள் கூடும் இடத்துக்கே செய்தியைக் கொண்டு செல்வதில் பிழையென்ன என்று வேறு சிலர் கேட்டார்கள்.

அரசியல்வாதிகளின் அந்த வாதம் ஓய்ந்துவிட்டது. நம் வீடுகளில் நடக்கும் வாதத்தைப் பற்றியே நான் பேச விரும்புகிறேன். ‘அந்தக் கடைப் பக்கம் போகாதே, அங்கே நிற்கிற பிள்ளைகள் சரியில்லை’ என்று நம் தாய்மார் சொல்வதை எத்தனையோ முறை கேட்டிருக்கிறேன். தாயின் அச்சம் எனக்கு விளங்குகிறது. கத்திக்கு இரையான பிள்ளைகளை இந்நகரம் அடக்கம் செய்தவண்ணம் இருக்கிறது. ஆயினும் கேட்கிறேன்: ‘சரியில்லாத’ அந்தப் பிள்ளைகள் யார்? பாடசாலை விட்டு வீடு திரும்பினால் கதவு பூட்டியிருக்கும் பிள்ளைகள். தாய் இரண்டாவது வேலையில் இருப்பாள். 2010க்குப் பின் உள்ளூராட்சி நிதி வெட்டப்பட்டபோது இந்நகரில் இளைஞர் மையங்கள் பல மூடப்பட்டன. மழை பெய்யும் மாலையில், கையிலுள்ள சில்லறைக்கு வெப்பமும் வெளிச்சமும் உணவும் ஒருங்கே கிடைக்கும் இடம் கோழிக்கடைதான். நம் குடும்பங்களுக்கு வாடகை கட்டியதும், பல்கலைக்கழகக் கட்டணம் செலுத்தியதும், ஊருக்குப் பணம் அனுப்பியதும் அந்தப் பிள்ளைகளின் சில்லறைகளே. அவர்களிடம் வாங்கிய காசு நமக்குச் சரியானதாயின், அவர்கள் மட்டும் எவ்வாறு சரியில்லாதவர் ஆவர்?

நான் கோழிக்கடையைப் புனிதத் தலமாக்கவில்லை. இலண்டனில் ஆரம்பப் பாடசாலையின் இறுதி வகுப்பை எட்டும் பிள்ளைகளில் பத்துப் பேருக்கு ஏறக்குறைய நால்வர் மிகை எடையுடன் இருக்கிறார்கள். பாடசாலை வாசலிலிருந்து 400 மீற்றர் நடைத் தொலைவுக்குள் புதிய துரித உணவுக் கடைகளை அனுமதிக்கலாகாது என்று 2021இல் நடைமுறைக்கு வந்த இலண்டன் திட்டம் கூறுகிறது. அது நியாயமான அக்கறை. நாள்தோறும் எண்ணெயில் பொரித்ததை உண்ணும் பிள்ளையின் உடல் இறைவன் வாழும் ஆலயம் என்பதை, விற்பவரும் மறக்கலாகாது.

எண்ணெய்த் தொட்டியின் முன் நிற்பவரையும் மறக்கலாகாது. இதை எந்த ஒரு கடையையும் சுட்டி எழுதவில்லை; மோர்லீஸைச் சுட்டியும் எழுதவில்லை. நம் சமூகத்தின் பொதுக் குறையாகவே எழுதுகிறேன். மாணவ விசாவில் வரும் இளைஞன் படிப்புக் காலத்தில் வாரத்துக்கு 20 மணி நேரமே வேலை செய்யலாம். வாடகை அந்த 20 மணிக்கு அடங்குவதில்லை. அவன் மேலும் 20 மணி நேரம் நிற்கிறான். அந்த நேரம் எந்தச் சம்பளத் துண்டிலும் இராது. சட்டம் குறித்த கூலியில் பாதி கையில் கொடுக்கப்படும். அவன் முறையிட முடியாது. முறையிட்டால் விசா போய்விடும். அவனை வைத்திருப்பவர் பெரும்பாலும் நம்மவரே. அவரும் ஒரு காலத்தில் அதே போல் நின்றவரே. ‘நான் பட்டதை அவனும் படட்டும்’ என்ற சொல்லை நான் செவியாரக் கேட்டிருக்கிறேன். கூலி கொடாது பிடித்துவைத்த பணம் கூக்குரலிடுகிறது, அது ஆண்டவரின் செவிக்கு எட்டுகிறது என்ற பொருள்படப் புனித யாக்கோபு எழுதியிருக்கிறார். 1891இல் திருத்தந்தை 13ஆம் லியோ ‘ரேரும் நோவாரும்’ சுற்றுமடலில், ஒப்புக்கொண்ட கூலியாக இருப்பினும் தொழிலாளி வாழப் போதாததாயின் அது அநீதி என்று போதித்தார். இன்றைய திருத்தந்தை 14ஆம் லியோ தம் பெயரைத் தேர்ந்ததற்கு அந்த மடலையும் ஒரு காரணமாகச் சொன்னார் என்பதை நினைவிற் கொள்வோம்.

எருசலேமைப் பார்த்து அழுத நம் ஆண்டவர், தம்மை அரசனுக்கோ சிங்கத்துக்கோ ஒப்பிடாமல், குஞ்சுகளைச் சிறகின் கீழ் கூட்டிச் சேர்க்க விரும்பும் தாய்க்கோழிக்கு ஒப்பிட்டார். யாருடைய குஞ்சு என்று அந்தத் தாய் கேட்டதாக நற்செய்தியில் இல்லை.

ஆகையால் மூன்று வேண்டுகோள்களை உங்கள் முன் வைக்கிறேன். கடை நடத்துவோர், இந்த மாதச் சம்பளக் கணக்கை எடுத்து, மகனுக்கு இதே கூலி கொடுக்கப்பட்டால் பொறுப்பீர்களா என்று பாருங்கள். பெற்றோர், கவுண்டரில் நின்ற உங்கள் ஆண்டுகளைப் பிள்ளைகளுக்கு மறைக்காமல் சொல்லுங்கள். அங்கு வந்துபோன பிறர் பிள்ளைகளைப் பற்றியும் சொல்லுங்கள். அனைவருக்கும் ஒன்று: இங்கிலாந்து வேல்ஸ் ஆயர்கள் 2011இல் வெள்ளிக்கிழமைப் புலால் ஒறுத்தலை மீண்டும் கடமையாக்கினார்கள். அன்று கோழிக்குச் செலவிடாத பணத்தை வீட்டில் ஓர் உண்டியலில் இடுங்கள். பாடசாலை விட்டபின் போக இடமில்லாத பிள்ளைகளுக்காக, எந்த இனத்தவராயினும், நம் பங்கு மண்டபத்தை வாரத்தில் இரு மாலைகள் திறந்து வைக்க அது உதவும். வெப்பத்துக்கும் வெளிச்சத்துக்கும் நான் பொறுப்பு. தேநீர் ஊற்றவும் கணக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கவும் ஆட்கள் வேண்டும். ஞாயிறு திருப்பலிக்குப் பின் பெயர் தாருங்கள்.

மடு அன்னை உங்கள் இல்லங்களையும், கடைகளையும், இரவு வேலையில் இருப்போரையும் காப்பாராக.

இறையாசீருடன்,
உங்கள் பங்குத்தந்தை